பூஜை அலமாரியிலிருந்து மேஜைக்கு: வீட்டில் சமய நூல் படிப்போருக்குச் சில குறிப்புகள்

பல வீடுகளில் திருவாசகமும் திவ்யப் பிரபந்தமும் குங்குமப் பொட்டு வைத்துக்கொண்டு பூஜை அலமாரியில் உட்கார்ந்திருக்கும். பாராயணம் நாள் தவறாது. பொருள் கேட்டால் மட்டும், "அதெல்லாம் பெரியவங்களைக் கேட்கணும்" என்று பதில் வரும். ஓதுவதற்கு ஒழுங்கும் குரலும் போதும். பொருள் தெரிந்து படிக்க வேண்டுமானால் நல்ல பதிப்பு, பென்சில், உட்கார ஓர் இடம், கேள்வி கேட்க இன்னொருவர் என்று கொஞ்சம் ஏற்பாடு தேவை. அந்த ஏற்பாட்டுக்கான குறிப்புகள் இவை.

1. ஒரே நூலில் இரண்டு பிரதி வைத்துக்கொள்ளுங்கள். பூஜைக்கு ஒன்று, படிப்புக்கு ஒன்று. பூஜைப் பிரதியில் பென்சில் வைக்க மனம் வராது. படிப்புப் பிரதியில் சந்தனம் ஒட்டினால் தாள் பிரியாது. படிப்புப் பிரதி மலிவுப் பதிப்பாக இருந்தாலும் குற்றமில்லை.

2. வாங்கும்போது ஏதாவது ஒரு பக்கத்தைத் திறந்து, பாட்டு எப்படி அச்சாகியிருக்கிறது என்று பாருங்கள். சீர் பிரித்த பதிப்பு ஓதுபவருக்கு வசதி. ஆனால் அதில் ஒரு சொல் பாதியில் வெட்டுப்பட்டு, மீதி அடுத்த சீரில் போய் நிற்கும். புதிதாகப் பொருள் தேடுபவர் அங்கேயே தடுமாறிவிடுவார். சொல் பிரித்து அச்சிட்டு, கீழே பதவுரையும் தரும் பதிப்பே படிப்புக்கு ஏற்றது. கைவசம் இருப்பது சீர் பிரித்த பதிப்பு என்றால், சொல் முடியும் இடத்தில் மெல்லிய பென்சில் கோடு போட்டுக்கொள்ளுங்கள். ஒரு பதிகத்துக்குக் கோடு போட்டு முடிப்பதற்குள் பாதிப் பொருள் தானே விளங்கிவிடும். பேனாவும் மினுங்கும் மார்க்கரும் வேண்டாம். பழைய தாளில் மை மறுபக்கம் ஊறும்.

3. தேவாரம் வாங்குகிறவர்கள் கடையில் கேட்க வேண்டிய கேள்வி: "பண்முறையா, தலமுறையா?" ஏறக்குறைய 800 பதிகங்களை இரண்டு விதமாக அடுக்குவது வழக்கம். பண்முறைப் பதிப்பில் ஒரே பண்ணில் அமைந்த பதிகங்கள் சேர்ந்து வரும். பாடக் கற்பவர்களுக்கு அது சரி. தலமுறைப் பதிப்பு சிதம்பரத்தில் தொடங்கிக் காவிரி வடகரை, தென்கரை என்று ஊர் ஊராகப் போகும். ஒரு தலத்துக்குப் போகுமுன் அந்த ஊரைப் பற்றிச் சம்பந்தர், அப்பர், சுந்தரர் மூவரும் பாடியதை ஒருசேரப் படிக்க இதுதான் உதவும். என்னைக் கேட்டால், பாடத் தெரியாதவர்கள் தலமுறைப் பதிப்பில் சொந்த ஊருக்குப் பக்கத்துத் தலத்திலிருந்து தொடங்கலாம். தெரிந்த குளமும் தெரிந்த வயலும் பாட்டில் வரும்போது உரை பாதி வேலையைச் செய்தால் போதும்.

4. குறிப்பேட்டில் எண்ணை மட்டும் எழுதாதீர்கள். நூலின் பெயரையும் சேர்த்து எழுதுங்கள். தேவாரத்தில் 7.39 என்றால் ஏழாம் திருமுறையின் 39ஆம் பதிகம், அதாவது சுந்தரரின் திருத்தொண்டத் தொகை. திருவாய்மொழியில் 6-10 என்றால் ஆறாம் பத்தின் பத்தாம் திருவாய்மொழி, திருவேங்கடமுடையானிடம் சரண் புகும் இடம். திருமுறைகளின் வரிசையை ஒரு சீட்டில் எழுதி அட்டையின் உட்புறம் ஒட்டிவிடுங்கள்: 1 முதல் 3 வரை சம்பந்தர், 4 முதல் 6 வரை அப்பர், 7 சுந்தரர், 8 மாணிக்கவாசகர், 9 திருவிசைப்பாவும் திருப்பல்லாண்டும், 10 திருமந்திரம், 11 பலர் பாடியவை, 12 பெரியபுராணம்.

5. உரைகளில் வெறுமனே "கோயில்" என்று வந்தால், சைவ நூலில் அது சிதம்பரம்; வைணவ நூலில் ஸ்ரீரங்கம். "பெருமாள் கோயில்" என்றால் காஞ்சிபுரம்.

6. சைவ சித்தாந்தம் படிக்கத் தொடங்குகிறவர்கள் பெரும்பாலும் சிவஞானபோதத்தில் கை வைப்பார்கள். நியாயம்தான், 14 சாத்திரங்களுக்கும் தலைமையானது அதுவே, அளவிலும் 12 நூற்பா, 40 அடிதான். அந்தச் சுருக்கம்தான் சிக்கல். ஒவ்வொரு சொல்லுக்குள்ளும் ஒரு வாதம் அடங்கியிருப்பதால், உரையாசிரியர் கையைப் பிடிக்காமல் நகர முடியாது. சிவஞான முனிவர் அதற்கு எழுதிய மாபாடியம் எத்தனை பெரியது என்று ஒரு தடவை பார்த்தால் நிலைமை புரியும்.

வீட்டுப் படிப்புக்கு நான் சொல்லும் வரிசை வேறு. முதலில் உண்மை விளக்கம். மாணவர் கேட்க ஆசிரியர் சொல்வதாக வெண்பாக்களில் அமைந்தது. நமக்கு வரும் சந்தேகம் அங்கே ஏற்கெனவே கேட்கப்பட்டிருக்கும். அடுத்து உமாபதி சிவாசாரியாரின் திருவருட்பயன்: குறள் வடிவில் பத்து அதிகாரம், அதிகாரத்துக்குப் பத்துக் குறள். நாளுக்கு ஒன்று படித்தால் நான்கு மாதத்துக்குள் முடிந்துவிடும். பிறகு சிவப்பிரகாசம், அதன்பின் அருணந்தி சிவாசாரியாரின் சிவஞான சித்தியார். சித்தியாரில் பிற மதங்களை எடுத்து மறுக்கும் பரபக்கத்தைத் தள்ளி வைத்து, சொந்தக் கொள்கையைச் சொல்லும் சுபக்கத்தை முதலில் படியுங்கள். இவ்வளவும் முடித்துவிட்டுச் சிவஞானபோதத்துக்கு வந்தால், அந்த 40 அடியும் பேசத் தொடங்கும்.

7. வைணவ வீடுகளில் சிக்கல் வேறு மாதிரி. அங்கே மூலத்தைவிட உரை மலைபோல் நிற்கும். திருவாய்மொழிக்கு மட்டும் ஐந்து பழைய வியாக்கியானங்கள்: பிள்ளானின் ஆறாயிரப்படி, நஞ்சீயரின் ஒன்பதினாயிரப்படி, பெரியவாச்சான் பிள்ளையின் இருபத்து நாலாயிரப்படி, வடக்குத் திருவீதிப் பிள்ளையின் ஈடு முப்பத்தாறாயிரப்படி, வாதிகேசரி அழகிய மணவாள ஜீயரின் பன்னீராயிரப்படி. ஒற்றெழுத்தைக் கணக்கில் சேர்க்காமல் 32 எழுத்துக்கு ஒரு படி. ஈட்டுக்குக் கணக்குப் போட்டுப் பாருங்கள், 11 லட்சம் எழுத்தைத் தாண்டும்.

எல்லாவற்றையும் வாங்கி அடுக்காதீர்கள். பாசுரத்துக்குச் சொல் சொல்லாகப் பொருள் தருவது பன்னீராயிரப்படி. அதுவும் கடினமாகப் பட்டால் காஞ்சிபுரம் பி. ப. அண்ணங்கராசாரியரின் திவ்யார்த்த தீபிகையில் தொடங்கலாம். மணிப்பிரவாள நடை பழகாதவர்கள் ஈட்டைச் சுவைக்க, பு. ரா. புருஷோத்தம நாயுடு செய்த ஈட்டின் தமிழாக்கம் இருக்கிறது. சென்னைப் பல்கலைக்கழகம் பத்துத் தொகுதிகளாக வெளியிட்டது. பழைய புத்தகக் கடையில் ஒற்றைத் தொகுதி அகப்பட்டாலும் விடாதீர்கள்.

8. கலைச்சொல்லுக்கென்று தனி நோட்டுப் போடுங்கள். ஒரு பக்கத்தை நீளவாக்கில் மூன்றாகப் பிரித்து, சைவ சித்தாந்தம், அத்வைதம், விசிஷ்டாத்வைதம் என்று தலைப்பிட்டுக்கொள்ளுங்கள். அகரவரிசை வேண்டாம், எதிர்ப்படும்போது எழுதினால் போதும். மாயை என்ற ஒரே சொல் அத்வைதிக்கு உலகத் தோற்றத்தின் காரணம், உண்டென்றும் இல்லையென்றும் சொல்ல முடியாதது. சித்தாந்திக்கோ உலகம் உண்டாவதற்கான முதற்பொருள், அழியாத உள்பொருள். ஆணவமும் அப்படித்தான், சித்தாந்தத்தில் அது திமிர் அன்று, உயிரோடு அநாதியாக ஒட்டியிருக்கும் மலம். வீட்டில் நடக்கும் சமய வாக்குவாதங்களில் பாதி, இருவரும் ஒரே சொல்லை இரு பொருளில் பேசுவதால் வருவது. நோட்டைத் திறந்து காட்டினால் குரல் இறங்கும். (மாமனாரிடம் மட்டும் காட்ட வேண்டாம்.)

9. திருக்கார்த்திகைக்குப் பின் தை மாதம் வரை வரும் அநத்யயன காலத்தில் வைணவ வீடுகளில் பிரபந்தம் சேவிப்பதில்லை. மார்கழியில் திருப்பாவைக்கும் திருப்பள்ளியெழுச்சிக்கும் விலக்கு உண்டு. தொடங்கும் நாளும் முடியும் நாளும் குடும்ப வழக்கப்படி மாறும்; வீட்டுப் பெரியவர்களைக் கேட்டுக்கொள்ளுங்கள். தென்கலையார் அப்போது உபதேச ரத்தின மாலையும் வடகலையார் தேசிகப் பிரபந்தமும் சேவிப்பார்கள். மணவாள மாமுனிகளின் உபதேச ரத்தின மாலையில் ஆழ்வார்கள் பிறந்த மாதம், நட்சத்திரம், எந்த நூலுக்கு யார் உரை செய்தார் என்பதெல்லாம் வரிசையாக வரும். அந்த வாரங்களில் அதைவைத்து ஓர் அட்டவணை எழுதிவிட்டால் ஆண்டு முழுக்கப் பயன்படும்.

10. வாரம் ஒரு மணி நேரம் வீட்டார் சேர்ந்து படிப்பதாக இருந்தால் வேலையைப் பிரித்துக்கொள்ளுங்கள். ஒருவர் மூலம் வாசிக்க, ஒருவர் உரை வாசிக்க, மூன்றாமவருக்குக் கேள்வி கேட்பது மட்டுமே வேலை. கேள்விப் பொறுப்பைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளையிடம் கொடுங்கள். பதில் தெரியாததை நோட்டில் எழுதிவிட்டு மேலே போங்கள்.

11. பெரியபுராணத்தில், அடியாருக்காகப் பெற்ற பிள்ளையையே கறி சமைத்த சிறுத்தொண்டர் கதை வரும்போது பிள்ளைகள் முகம் சுளிப்பார்கள். அந்தப் பக்கத்தைத் தாண்டிப் போவதும் "பக்தி, கேள்வி கேட்காதே" என்பதும் எனக்கு ஒப்புதல் இல்லை. கேட்கட்டும்.

12. கிறிஸ்தவ வீடுகளில் இரண்டு தமிழ் மொழிபெயர்ப்புகளை அருகருகே வைத்துப் படிப்பது நல்ல பழக்கம். தென்னிந்தியத் திருச்சபையாரிடம் புழங்கும் பழைய பதிப்பில் 66 ஆகமங்கள். 1995இல் வந்த திருவிவிலியத்தின் கத்தோலிக்கப் பதிப்பில் 73 நூல்கள். பெயர்களும் மாறும்: ஆதியாகமம் அங்கே தொடக்க நூல், யாத்திராகமம் விடுதலைப் பயணம். பழைய கத்தோலிக்கப் புத்தகங்களில் சங்கீத எண் பெரும்பாலும் ஒன்று குறைவாக இருக்கும். ஆயனைப் பற்றிய 23ஆம் சங்கீதத்தை 22இல் தேடுங்கள். முறையாக இறையியல் பயில விரும்பும் பிள்ளைகளுக்கு மதுரை அரசரடியில் தமிழ்நாடு இறையியல் கல்லூரி இருக்கிறது.

13. புத்தகப் பூச்சி. பெரியவாச்சான் பிள்ளை நாலாயிரத்துக்கும் உரை எழுதினார். அதில் பெரியாழ்வார் திருமொழி உரையின் பெரும்பகுதியைச் செல் அரித்துவிட்டது. போன இடத்துக்கு மணவாள மாமுனிகள் பின்னாளில் எழுதிச் சேர்த்தார். தில்லையில் தேவார ஏடுகள் புற்று மூடிக் கிடந்து, மீந்தவற்றையே நம்பியாண்டார் நம்பி தொகுத்தார் என்பது திருமுறை கண்ட புராணம் சொல்லும் செய்தி. ஆக, செல்லை அலட்சியம் செய்யாதீர்கள்.

அலமாரியை வெளிச் சுவரோடு ஒட்டிப் போடாதீர்கள். இரண்டு விரல் இடைவெளி விடுங்கள். மழைக்காலத்தில் சுவர் ஈரம் புத்தகத்தின் முதுகில்தான் முதலில் ஏறும். வசம்புத் துண்டுகளை மல்துணியில் முடிந்து தட்டுக்கு ஒன்றாகப் போட்டு, வாசம் போனதும் மாற்றுங்கள். கைக்குழந்தை உள்ள வீட்டில் அந்துருண்டை கூடாது. ராமபாணப் பூச்சி ஏறிய புத்தகத்தை வெயிலில் காய வைத்தால் தாள் மொறுமொறுப்பாகி உடையும். அதைவிட பிளாஸ்டிக் பையில் காற்றுப் புகாமல் கட்டி ஃப்ரீஸரில் இரண்டு வாரம் வையுங்கள். வெளியே எடுத்ததும் பையைப் பிரிக்காதீர்கள். ஒரு நாள் அப்படியே இருந்து சூடு சமமான பிறகே பிரிக்க வேண்டும். இல்லாவிட்டால் தாள்மேல் நீர் கோத்துக்கொள்ளும். சரஸ்வதி பூஜைக்குப் புத்தகம் அடுக்கும் நாளிலேயே எல்லாவற்றையும் புரட்டிப் பார்த்துவிட்டால் தனியாக ஒரு நாள் ஒதுக்க வேண்டாம்.

14. கிழிந்த பக்கத்துக்கு செலோடேப் ஒட்டவே ஒட்டாதீர்கள். சில வருஷத்தில் பசை மஞ்சளாகி எழுத்தையும் சேர்த்து இழுத்துவிடும். தண்ணீராகக் காய்ச்சிய மைதாப் பசையும் மெல்லிய டிஷ்யூ தாளும் போதும். பைண்டர்கள் பசையில் மயில் துத்தம் கலப்பார்கள். அது விஷம், வீட்டில் வேண்டாம்.

15. மடக்கும் மரத் தாங்கி ஒன்று வாங்குங்கள். நம் வீடுகளில் வியாச பீடம் என்றும் முஸ்லிம் வீடுகளில் ரேஹல் என்றும் சொல்வது இதைத்தான். தடித்த புத்தகத்தின் முதுகு உடையாது. வயதானவர்களின் கழுத்துக்கும் நல்லது.

16. போனில் தேடும்போது சொல்லை முழுதாகத் தட்டச்சு செய்தால் பெரும்பாலும் கிடைக்காது. பாட்டில் சொற்கள் புணர்ந்து நிற்பதுதான் காரணம். நினைவிருக்கும் சொல்லின் நடுவிலுள்ள மூன்று நான்கு எழுத்தை மட்டும் கொடுத்துப் பாருங்கள். மதுரைத் திட்டம், தமிழ் இணையக் கல்விக்கழகம் ஆகியவற்றின் தளங்களில் பெரும்பாலான மூல நூல்கள் இலவசமாகவே கிடைக்கும். நோட்டில் எழுதுமுன் அச்சுப் புத்தகத்தோடு ஒத்துப் பாருங்கள். தட்டச்சுப் பிழை எங்கும் உண்டு.

17. பரணில் தாத்தா காலத்து ஓலைச்சுவடி கிடந்தால், எழுத்து தெளிவாகத் தெரியட்டும் என்று தண்ணீரோ தேங்காயெண்ணெயோ தடவாதீர்கள். மென்மையான தூரிகையால் தூசி தட்டி, பருத்தித் துணியில் சுற்றி, கட்டைகளுக்கு நடுவே தளர்வாகக் கட்டி வையுங்கள். இறுகக் கட்டினால் ஓரம் ஒடியும். பிறகு சென்னையில் அரசினர் கீழ்த்திசைச் சுவடி நூலகத்தையோ உ. வே. சா. நூலகத்தையோ அணுகலாம். தஞ்சைப் பக்கத்துக்காரர்களுக்குச் சரஸ்வதி மகால். கிரந்த எழுத்தில் உள்ள ஆகமம் என்றால் புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம்; அங்குள்ள சைவச் சுவடித் தொகுப்பை யுனெஸ்கோ 2005இல் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. ஏட்டைக் கொடுக்க மனமில்லாவிட்டால் படமெடுத்துக்கொள்ள முடியுமா என்று கேளுங்கள். கொடுப்பதானால் ஒப்புகைச் சீட்டை வாங்கி, மின்படி ஒன்று உங்களுக்கும் வேண்டும் என்று எழுத்தில் கேட்டுவிடுங்கள்.