கலைச்சொல்லை வரையறுத்தல்

பினாங்குக் கொடிமலைக்குச் செல்வோர் ஆயர் ஈத்தாமில் உள்ள கீழ் நிலையத்தில் மலை இரயில் ஏறுகின்றனர். இவ்விரயில் சேவை 1923ஆம் ஆண்டில் தொடங்கியது. முன்பு பயணிகள் நடுவழி நிலையத்தில் இறங்கி வேறு பெட்டிக்கு மாற வேண்டியிருந்தது. 2011ஆம் ஆண்டில் புதிய இரயில் அறிமுகமானபின், மாறாமலே உச்சியை அடைய முடிகிறது. இத்தகைய இரயிலைப் பொறியியலாளர்கள் ‘ஃபனிகுலர்’ என்பர். இச்சொல்லை அறியாத ஒருவருக்கு எழுத்தில் எவ்வாறு விளக்குவது?

‘ஃபனிகுலர் என்பது கம்பிவடத்தால் இழுக்கப்படும் வண்டி’ என ஒருவர் எழுதலாம். இதில் பிழை இல்லை. ஆனால், இது போதாது. ஜார்ஜ்டவுனில் உள்ள கொம்தார் கட்டடத்தின் மின்தூக்கியையும் கம்பிவடமே இழுக்கிறது. லங்காவியில் அந்தரத்தில் செல்லும் கேபிள் காரும் கம்பிவடத்தால்தான் நகர்கிறது. மூன்றுக்கும் பொருந்தும் விளக்கம் எதையும் தனித்துக் காட்டாது. ‘ஃபனிகுலர் முறையில் இயங்கும் வண்டி’ என்றாலோ, கேட்ட சொல்லையே விடையாகத் திருப்பித் தந்தது போலாகிவிடும்.

நல்ல வரையறைக்கு இரண்டு கூறுகள் தேவை. முதலாவது, அப்பொருள் எந்த இனத்தைச் சேர்ந்தது என்பது. இரண்டாவது, அவ்வினத்தில் உள்ள மற்றவற்றிலிருந்து அது எவ்வாறு வேறுபடுகிறது என்பது. அதன்படி பின்வருமாறு எழுதலாம்:

ஃபனிகுலர் என்பது செங்குத்தான சரிவில் தண்டவாளத்தின் மீது செல்லும் ஓர் இரயில் வகை. அதில் ஒரே கம்பிவடத்தின் இரு முனைகளிலும் இரண்டு பெட்டிகள் பிணைக்கப்பட்டிருக்கும். ஒன்று ஏறும்போது மற்றொன்று இறங்கும்.

இவ்வரையறையில் ஒவ்வொரு சொல்லுக்கும் வேலை உண்டு. ‘தண்டவாளம்’ என்பது கேபிள் காரை விலக்குகிறது. ‘கம்பிவடம்’ என்பது சாதாரண இரயிலை விலக்குகிறது. ‘ஒன்று ஏற மற்றொன்று இறங்கும்’ என்பது அதன் இயக்கத்தையே உணர்த்துகிறது. இறங்கும் பெட்டியின் எடை, ஏறும் பெட்டியை மேலிழுக்க உதவுகிறது. அதனால், இயந்திரத்தின் சுமை வெகுவாகக் குறைகிறது.

தெளிவற்ற சொல் வாசகரைக் குழப்புவதோடு நின்றுவிடுவதில்லை. சில வேளைகளில் உயிருக்கும் ஊறு விளைவிக்கலாம். இத்தகைய இரயில்களில் கம்பிவடத்தை இயக்கும் இயந்திரத்தில் ஒரு பிரேக் இருக்கும். பெட்டியின் அடியில் தண்டவாளத்தைக் கவ்விப் பிடிக்கும் பிரேக்கும் பொருத்தப்படுவதுண்டு. வடம் அறுந்தால் பெட்டியைக் காக்க வல்லது பின்னதே. பராமரிப்புக் கையேடு ‘பிரேக்கைச் சோதிக்கவும்’ என்று மட்டும் கூறினால், பணியாளர் எதைச் சோதிப்பார்? ஒன்றை ‘இயந்திர பிரேக்’ என்றும் மற்றொன்றைத் ‘தண்டவாள பிரேக்’ என்றும் தொடக்கத்திலேயே வரையறுத்து, இறுதிவரை அப்பெயர்களையே ஆள வேண்டும். கதையில் ஒரே சொல் மீண்டும் மீண்டும் வந்தால் சலிப்புத் தட்டலாம். தொழில்நுட்ப எழுத்திலோ அதுவே பாதுகாப்பு.

தமிழில் துறை அறிவைத் தெளிவாகச் சொல்லும் முயற்சி புதிதன்று. 19ஆம் நூற்றாண்டில் யாழ்ப்பாணத்து மானிப்பாயில் பணியாற்றிய அமெரிக்க மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன், மாணவர்களுக்குத் தமிழிலேயே மருத்துவம் கற்பித்தார். மருத்துவ நூல்களைத் தமிழாக்கியதோடு கலைச்சொல் தொகுதிகளையும் அவர் உருவாக்கினார். நூலை மொழிபெயர்த்தால் மட்டும் போதாது. அதில் வரும் சொற்களின் பொருளையும் நிலைப்படுத்த வேண்டும் என்பதை அப்பணி உணர்த்துகிறது.

நாம் அறிவியல் அறிக்கையோ செய்முறை விளக்கமோ எழுதும்போது, ஒவ்வொரு கலைச்சொல்லையும் மூன்று கேள்விகளால் சோதிக்கலாம். இது எந்த இனம்? அவ்வினத்தில் எதனால் வேறுபடுகிறது? விளக்கத்தில் உள்ள சொற்கள் வாசகருக்கு முன்பே தெரிந்தவையா? இம்மூன்றுக்கும் விடை கிடைத்தால், நம்மருகில் இல்லாத வாசகரும் நாம் கருதிய பொருளையே புரிந்துகொள்வார்.