முத்திரை அறுந்த மின்மானியும் சங்கத்தின் பொறுப்பும்

இராயபுரத்தை அடுத்த பேஸின் பாலத்து மின்நிலையம் நெடுங்காலம் சென்னை நகருக்கு மின்சாரம் வழங்கியது. வடக்கே எண்ணூர் அனல் நிலையம் 1970 முதல் 2017 வரை இயங்கிற்று. மின்சாரம் பிறந்த வாசலில் குடியிருந்தும், மின்மானி பற்றிய சட்டத்தை நம் சங்கத்தார் அறிந்திருப்பது சொற்பமே.

அண்மையில் இப்பகுதிச் சங்கமொன்றின் கிடங்குக்குத் தணிக்கைக்காகச் சென்றிருந்தோம். காரியதரிசி ஒரு தாளை நீட்டினார். மின்மானியின் முத்திரை அறுந்திருப்பதாகவும், அதனால் மின்சாரம் முறைகேடாக எடுக்கப்பட்டதாகவும் அதில் கண்டிருந்தது. அடியில் அவருடைய கையெழுத்து. படித்துப் பார்த்தீரா என்றோம். "போடச் சொன்னார்கள், போட்டேன்" என்றார். நூல் மூட்டைகள் இறங்கும் வாசலருகே, தோள் உயரத்தில், பெட்டியும் பூட்டுமின்றி மாட்டியிருந்தது அந்த மின்மானி. மூட்டை இடித்து அறுந்ததோ, எவரேனும் அறுத்ததோ, யார் சொல்வது?

முத்திரை அறுந்திருப்பது வேறு, மின்சாரம் திருடப்பட்டது வேறு. 1910 ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம் நடப்பிலிருந்த காலத்தில் ஜகந்நாத் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதனைத் தெளிவாக்கியது. அத்தீர்ப்பு 1966 ஆம் ஆண்டுத் தொகுப்பில் வெளியாயிற்று. மின்மானி மூடியின் ஆணித்துளை திறந்து கிடந்தால், அதன் வழியே எதையேனும் நுழைத்து உள்ளே சுழலும் தட்டைத் தடுக்கக் கூடும். ஆயினும் துளை திறந்திருந்தது என்பதொன்றே திருட்டுக்குச் சான்றாகாது. மின்மானி குறைத்துக் காட்டியது என்பதும் நிலைநாட்டப்பட வேண்டும். பக்கத்திலேயே ஒரு சோதனை மின்மானியை இணைத்து இரண்டையும் ஒப்பிடுவது அதற்கு எளிய வழி என்றும் நீதிபதிகள் கூறினர். நெசவாளர் இதனை உடனே உணர்வர்: தராசில் ஐயமென்றால் வேறொரு தராசில் நிறுத்துப் பார்ப்பதுதானே வழக்கம்!

ஆனால் சட்டம் நம் பக்கமே சாய்ந்திருப்பதாக எண்ணிவிடலாகாது. இப்போது நடப்பிலுள்ள 2003 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 138 ஆம் பிரிவின்படி, நம் பொறுப்பிலுள்ள மின்மானியை மாற்றியமைக்கும் சாதனம் இருந்ததென மெய்ப்பிக்கப்பட்டால், மறுத்து நிரூபிக்கும்வரை அதனை நாமே அறிந்து செய்ததாகக் கொள்ளப்படும். மின்மானி நம் சொத்தன்று என்பது விடையாகாது. ஆகவே பூட்டுள்ள பெட்டியும், முத்திரை சேதமுற்றதைக் கண்ட அன்றே எழுத்துமூலம் தெரிவித்துப் பெற்ற ரசீதும் சங்கத்துக்கு இன்றியமையாதவை.

வழக்கு எங்கே போகும் என்பதையும் அறிய வேண்டும். மின்மானி தானே பழுதுற்றதென்றால் மின் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றத்தை நாடலாம். கைவைத்ததாகக் குற்றச்சாட்டு வந்தாலோ 126 ஆம் பிரிவின்படி தொகை மதிப்பிடப்படும். 135 ஆம் பிரிவின்படி திருட்டு வழக்கும் தொடரலாம், அது தனி நீதிமன்றத்துக்குரியது. இவ்விரண்டிலும் நுகர்வோர் நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை என்று 2013 இல் அனீஸ் அகமது வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. அங்கே அலைந்து நாளைக் கழித்தால் தவணை தவறிவிடும்.

126 ஆம் பிரிவில் முதலில் வருவது தற்காலிக மதிப்பீடு. முறைகேடு நடந்த காலம் தெரியாவிடில் 12 மாதங்களுக்கு, உரிய கட்டணத்தின் இரு மடங்கு விதிக்கப்படும். அதற்கு ஆட்சேபணை எழுதலாம். அதிகாரி நம்மை விசாரித்தே இறுதி உத்தரவிட வேண்டும். அவ்வுத்தரவுக்கு 30 நாட்களுக்குள் அப்பீல் உண்டு. மதிப்பிட்ட தொகையில் பாதியை முன்னதாகக் கட்ட வேண்டும். ஆனால் நமது சம்மதத்தோடு பிறந்த உத்தரவானால் அப்பீலே கிடையாது. கடன் பத்திரத்தை வரிவரியாகப் படிக்கும் நம்மவர் இங்கே கண்ணை மூடிக்கொள்வது ஏனோ!

அந்தத் தாளை மீண்டும் வாங்கி முழுதும் படித்தோம். அது பரிசோதனைக் குறிப்பு மட்டுமே. சம்மதமென்ற சொல் எங்குமில்லை. மின்மானியைச் சோதனைக்கு அனுப்பக் கோரும் மனுவையும் ஆட்சேபணையையும் காரியதரிசி அன்று மாலையே எழுதத் தொடங்கினார்.