ஆணைக்கு அடங்குதல்

நுழையும்முன்

நீதிமன்றத்திடம் படை இல்லை, கருவூலமும் இல்லை. அது வழங்கும் ஆணையே அதன் வலிமை. அவ்வாணையை ஆட்சியில் இருப்போரே மீறினால் என்ன நிகழும்? இப்பாடம் அதனை விளக்குகிறது.

பாடம்

நீலகிரி மாவட்டம் கூடலூர்ப் பகுதியில் காடுகள் அழிக்கப்படுவதைக் கண்டு வருந்தினார், கேரளத்தின் நிலம்பூரைச் சேர்ந்த கோதவர்மன் திருமுல்பாடு. அவர் 1995ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். ஒரு வட்டாரத்தின் முறையீடாகத் தொடங்கிய அவ்வழக்கு, நாட்டின் காடுகள் அனைத்திற்குமான வழக்காக விரிந்தது.

அவ்வழக்கில், மகாராட்டிரத்திலும் உத்தரப் பிரதேசத்திலும் உரிமமின்றி இயங்கிய மரம் அறுக்கும் ஆலைகளை உடனே மூடுமாறு 1997 மார்ச்சில் நீதிமன்றம் ஆணையிட்டது. தன் முன் இசைவின்றி மாநில அரசு கட்டுப்பாடுகளைத் தளர்த்தலாகாது என்றும் கூறியது. எனினும், பின்னர் மகாராட்டிரத்தில் சில ஆலைகள் இயங்க அரசே இசைவளித்தது. காட்டைக் காக்க வேண்டிய துறையே ஆணையை மீறியதால், வேலியே பயிரை மேய்ந்தது போலாயிற்று.

இசைவளித்த காலத்தில் வனத்துறை அமைச்சராக இருந்தவரும் துறையின் முதன்மைச் செயலாளரும் அவமதிப்பு வழக்கை எதிர்கொண்டனர். இருவரும் மன்னிப்புக் கோரினர். நீதிமன்றம் அதனை ஏற்கவில்லை. 2006 மே திங்களில் இருவருக்கும் ஒரு மாத வெறுங்காவல் தண்டனை விதித்தது. பதவியின் உயர்வு அவர்களைக் காக்கவில்லை.

1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், அவமதிப்பை உரிமையியல், குற்றவியல் என இரண்டாகப் பகுக்கிறது. நீதிமன்ற ஆணையை வேண்டுமென்றே மீறுவது உரிமையியல் அவமதிப்பாகும். அச்சட்டப்படி ஆறு மாதம் வரை வெறுங்காவலோ, 2000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம். மனமார்ந்த மன்னிப்பை ஏற்றுத் தண்டனையை நீக்கவும் இடமுண்டு. தண்டனைக்கு அஞ்சி இறுதியில் உதிர்க்கும் சொல் மன்னிப்பாகாது.

ஆணை தவறு எனக் கருதுவோர் மேல்முறையீடு செய்யலாம், சீராய்வும் கோரலாம். ஆணை நடைமுறையில் இருக்கும்வரை அதற்கு அடங்குவதே கடமை. வலியவர் ஆணையை மீறலாம் என்றால், எளியவர் பெறும் தீர்ப்பு வெறும் தாளாகிவிடும். அவமதிப்புச் சட்டம் நீதிபதியின் பெருமையை மட்டும் காப்பதன்று. நீதி நாடி வந்தவரின் நம்பிக்கையையும் காப்பது.

சொற்பொருள்

இசைவு – அனுமதி
கருவூலம் – அரசின் பொருட்சேமிப்பு
வெறுங்காவல் – கடின உழைப்பில்லாத சிறைத்தண்டனை
சீராய்வு – வழங்கிய தீர்ப்பை மீண்டும் ஆராய்தல்

பயிற்சி

அ. பிரித்து எழுதுக: அவ்வாணை, உரிமமின்றி, மன்னிப்பாகாது

ஆ. விடை எழுதுக:
1. கூடலூர்க் காடுகளுக்காகத் தொடுக்கப்பட்ட வழக்கு எவ்வாறு விரிந்தது?
2. உரிமையியல் அவமதிப்பு என்பது யாது?
3. ‘வேலியே பயிரை மேய்ந்தது போல’ என்னும் உவமை இப்பாடத்தில் யாருக்குப் பொருந்துகிறது? ஏன்?

இ. சிந்தித்து எழுதுக: தனக்கு உடன்பாடில்லாத ஆணையை ஒருவர் எவ்வாறு எதிர்கொள்ள வேண்டும்?