உறைபனியிலிருந்து மரக்கறிப் பாத்தியைக் காப்போம்



மார்கழி பிறந்தால் நுவரெலியா, கந்தப்பளை, அம்பேவெல பக்கம் உள்ள நமக்கு உறைபனிப் பயம் வந்துவிடும். "தைப்பனி தரையைத் துளைக்கும்" என்று பெரியவர்கள் சும்மா சொல்லவில்லை. லயத்துப் பக்கத்தில் நாம் போட்ட நாலு பாத்தி உருளைக்கிழங்கும் போஞ்சியும் ஒரே ராத்திரியில் கருகிப் போனால், விதைக்குக் கொடுத்த காசும் போச்சு, பிள்ளைகளின் கறிக்கும் வழியில்லை. கொஞ்சம் முன்கூட்டியே யோசித்தால் இதில் பெரும்பகுதியைத் தடுக்கலாம்.

பனி எப்போது விழும்?

பகலில் மண் வெயிலை வாங்கி வைத்துக்கொள்கிறது. ராத்திரி அந்தச் சூடு மேலே போய்விடுகிறது. மேகம் இருந்தால் அது போர்வை மாதிரி சூட்டைத் தடுக்கும். மேகமும் காற்றும் இல்லாத ராத்திரியில்தான் ஆபத்து. சாயங்காலம் வானம் துப்புரவாக, நட்சத்திரம் பளிச்சென்று தெரிந்து, இலைகூட அசையாமல் இருந்தால் அன்றைக்கு உஷாராக இருக்க வேண்டும். ரேடியோவில் 3, 4 பாகை என்று சொன்னாலும் ஏமாந்துவிடக் கூடாது. அது ஆள் உயரத்தில் அளந்த கணக்கு. தரையில் அதே நேரம் 0 பாகைக்குக் கீழே போயிருக்கலாம்.

குளிர்ந்த காற்று பாரமானது. தண்ணீர் மாதிரி பள்ளத்துக்கு ஓடி அங்கே தேங்கும். ஆகவே ஓடைக்கரைப் பள்ளத்தில் போஞ்சி, தக்காளி, உருளைக்கிழங்கு போட வேண்டாம். அங்கே லீக்ஸ், கோவா, கரட் போடலாம். இவை ஓரளவு பனி தாங்கும். பாத்திக்குக் கீழ்ப்பக்கம் அடர்த்தியான வேலி இருந்தால், குளிர்காற்று இறங்கிப் போக ஓர் இடைவெளி விடுங்கள்.

நாம் செய்ய வேண்டியவை

1. காய்ந்த மண் சூட்டைப் பிடித்து வைக்காது. மேட்டுப் பாத்தி சீக்கிரம் காயும், பக்கவாட்டிலும் குளிரும். ஆகவே காலையிலேயே நன்றாகத் தண்ணீர் ஊற்றுங்கள். சாயங்காலம் இலையில் ஊற்ற வேண்டாம்.

2. செடிக்கு அடியில் பரப்பிய மானாப்புல்லைப் பனிக்காலத்தில் ஒதுக்கி விடுங்கள். அது வெயிலை மண்ணுக்குப் போகவிடாது.

3. மூங்கிலைப் பிளந்து வில்லு மாதிரி வளைத்து, பாத்தியின் மேல் 3 அடிக்கு ஒன்றாகக் குத்துங்கள். பழைய சாக்கு, படங்கு, கிழிந்த சேலை எதுவானாலும் சேர்த்துத் தைத்து, மாலை 5 மணிக்கெல்லாம் மூடுங்கள். துணி இரண்டு பக்கமும் தரையைத் தொட வேண்டும். ஓரத்தில் கல் வையுங்கள். சூடு வருவது மண்ணிலிருந்துதான். செடியின் தலையை மட்டும் மூடினால் பிரயோசனமில்லை. பொலித்தீன் போட்டால் இலையில் படக் கூடாது. பட்ட இடம் கருகும்.

4. காலையில் வெயில் விழுந்ததும் திறந்து விடுங்கள். பெரட்டுக்குப் போகிறவர்கள் இந்த வேலையை வீட்டிலிருக்கும் தாத்தா பாட்டியிடம் சொல்லிவிட்டுப் போங்கள்.

5. டயர் கொளுத்த வேண்டாம். புகை சூட்டைப் பிடித்து வைக்காது. பிள்ளைகளின் நெஞ்சுக்குத்தான் கெடுதல். காய்ந்த புல்லில் தீயும் பரவும்.

பனி பட்டுவிட்டால்

பொழுது விடியும் முன், வெயில் படுவதற்குள், பீலித் தண்ணீரைத் தெளித்து இலையிலுள்ள பனியைக் கழுவி விடுவது நம் பக்கத்து வழக்கம். கருகிய இலையை உடனே வெட்டிவிடாதீர்கள். அது உள்ளே இருக்கும் குருத்துக்கு மறைப்பு. பனிக்காலம் போகும்வரை யூரியா போட வேண்டாம். இளந்தளிர் வந்தால் அடுத்த பனி அதைத்தான் முதலில் பிடிக்கும். உருளைக்கிழங்குச் செடி மேலே கருகினாலும் அடித்தண்டு பச்சையாக இருந்தால் மறுபடி துளிர்க்கும். அவசரப்பட்டுப் பிடுங்கிவிடாதீர்கள்.

சாக்கும் மூங்கிலும் கார்த்திகையிலேயே தயாராக இருக்கட்டும். பனி விழுந்த பிறகு தேடி ஓடினால் நேரம் போதாது. ஒரு வீட்டில் ஆள் இல்லாவிட்டால் பக்கத்துக் காம்பராக்காரர் மூடிவிடட்டும். லயத்தில் எல்லோரும் சேர்ந்து பார்த்துக்கொண்டால் ஒருவர் பாத்தியும் கருகாது.