கிராமபோனைக் கொடுத்து வாங்கிய பியானோ

அமெரிக்காவின் தெற்கே மிசிசிப்பி மாநிலம். அங்கே லாரல் என்று ஓர் ஊர். 1927-ல் லியோன்டைன் பிரைஸ் அங்கே பிறந்தார். கறுப்பினக் குடும்பம். அப்பா மர ஆலையில் தொழிலாளி. அம்மா பிரசவம் பார்ப்பவர், தேவாலயத்தில் பாடுபவர். அக்காலத்தில் அங்கே கறுப்பர் பிள்ளைகளுக்குத் தனிப் பள்ளிதான்.

மகளுக்கு ஐந்து வயது. பியானோ வாங்கக் கையில் காசு இல்லை. வீட்டில் இருந்த கிராமபோனை முன்பணமாகக் கொடுத்தார்கள். பியானோ வந்தது. எத்தனை பெற்றோருக்கு இந்த மனம் வரும்!

1936-ல் அம்மா அவரை ஜாக்சன் நகருக்கு அழைத்துப் போனார். மரியன் ஆண்டர்சன் என்ற கறுப்பினப் பாடகியின் கச்சேரி. சிறுமிக்கும் பாடகியாகும் ஆசை பிறந்தது.

ஆப்பெரா என்பது மேல்நாட்டு இசை நாடகம். பேச வேண்டியதையும் பெரும்பாலும் பாடியே சொல்வார்கள். மைக் வைப்பதில்லை. பல வாத்தியங்களின் ஒலியைத் தாண்டி, கடைசி வரிசைக்கும் குரல் கேட்க வேண்டும். பெண் குரலில் மிக உச்சமானது சோப்ரானோ. லியோன்டைன் குரல் அந்த வகை.

ஆசிரியை வேலைக்குப் படித்தவர், 1948-ல் நியூயார்க் போய் முறையாகப் பாட்டு கற்றார். உறவுக்காரப் பெண் ஒருவர் வேலை செய்த வீட்டு அம்மாள் பணம் கொடுத்து உதவினார்.

1955-ல் டெலிவிஷனில் 'டோஸ்கா' நாடகம். அவர்தான் நாயகி. கறுப்புப் பெண் நாயகியா என்று தெற்கே சில நிலையங்கள் ஒளிபரப்ப மறுத்தன. குரலுக்கு ஏது நிறம்?

1961 ஜனவரி 27. நியூயார்க்கின் புகழ்பெற்ற மெட்ரோபாலிட்டன் ஆப்பெராவில் முதன்முதலாகப் பாடினார். கைதட்டல் அரை மணி நேரத்துக்கு மேல் ஓயவில்லை.

1985 ஜனவரி 3-ல் 'ஐடா' நாடகத்தில் எத்தியோப்பிய இளவரசியாகப் பாடி, ஆப்பெரா மேடையிலிருந்து விடைபெற்றார். அதை டெலிவிஷனில் நேரடியாகக் காட்டினார்கள்.