ஆடு புலி ஆட்டம்: ஆடுகளை நிறுத்தும் முறை

விருதுநகர் மாவட்டம் வெம்பக்கோட்டையை அடுத்து, வைப்பாற்றங்கரையில் உள்ள விஜயகரிசல்குளத்தில் தமிழ்நாடு தொல்லியல் துறை 2022 மார்ச்சில் தொடங்கிய அகழாய்வு சுடுமண் ஆட்டக்காய்களை வெளிக்கொணர்ந்தது. அவை எந்த ஆட்டத்துக்கு உரியவை என்று காய்களை மட்டும் கொண்டு துணிய இயலாது. எனினும், உருத்திரிந்த உயிரினங்களை எதிர்த்து முறைவைத்துப் போரிடும் பீனிக்ஸ் பாயிண்ட் (2019) போன்ற கணினி விளையாட்டுகளில் மூழ்கியிருக்கும் இளைஞருக்கு, அதே வகைத் தந்திரத்தைத் தரையில் கற்பிக்க ஆடு புலி ஆட்டம் ஒன்றே போதும்.

ஆட்டக்களத்தை வரைய, ஓர் உச்சிப்புள்ளியிலிருந்து நான்கு கோடுகளை விரித்திறக்கி, அவற்றின் அடிமுனைகளை ஒரு கிடைக்கோட்டால் இணைக்க வேண்டும். பின்னர் அந்நான்கையும் வெட்டி இருபுறமும் வெளியே நீளும் மூன்று கிடைக்கோடுகளை வரைந்து, அவற்றின் இடமுனைகளையும் வலமுனைகளையும் தனித்தனியே சேர்த்தால் 23 புள்ளிகள் அமையும். 3 கற்கள் புலிகள். 15 புளியங்கொட்டைகள் ஆடுகள். உச்சியில் ஒரு புலியையும் முதற்கிடைக்கோட்டின் நடுப்புள்ளிகள் இரண்டில் மற்றவற்றையும் வைப்பது பரவலான வழக்கம். ஊருக்கு ஊர் இது மாறும்.

ஆட்டுக்காரர் முறைக்கு ஓர் ஆட்டை வைக்க, புலிக்காரர் ஒரு புலியை அடுத்த புள்ளிக்கு நகர்த்துவார். 15 ஆடுகளும் இறங்கும் வரை எந்த ஆடும் நகரக்கூடாது. நேர்கோட்டில் அடுத்திருக்கும் ஆட்டைத் தாண்டி, அதன் பின்னுள்ள காலிப்புள்ளியில் குதித்தால் புலி அதை வெட்டிவிடும். எத்தனை ஆடுகள் வெட்டுப்பட்டால் தோல்வி என்பதை முன்னரே பேசிக்கொள்வது சச்சரவைத் தவிர்க்கும்.

வெட்டுக்குத் தேவைப்படுவது ஆட்டின் பின்னுள்ள காலியிடமே என்பதால், கோடுகள் முடியும் இடங்களே ஆட்டுக்குக் காப்பு. மூன்று கிடைக்கோடுகளால் அமைந்த சட்டத்தின் நான்கு மூலைகளிலும் அடிக்கோட்டின் இரு முனைகளிலும் நிற்கும் ஆட்டை எப்புலியும் வெட்ட இயலாது. இந்த ஆறு புள்ளிகளும் நிரம்பிய பின், சட்டத்தின் பக்கக்கோடுகளின் நடுப்புள்ளிகளிலும் அடிக்கோட்டின் உட்புள்ளிகளிலும் வைக்கப்படும் நான்கு ஆடுகளும் அதே பாதுகாப்பைப் பெறுகின்றன. அடுத்து மூன்றாம் கிடைக்கோட்டை ஓரத்திலிருந்து உள்நோக்கி நிரப்பினால், 14 ஆடுகள் ஒரு வெட்டும் வாங்காமல் இறங்கிவிடும். நடுவில் ஆட்டை வைத்துப் புலியை உடனே மடக்க முனைவதே புதியவர் வழக்கமாகச் செய்யும் பிழை.

தேர்ந்த புலிக்காரர் ஓரத்திலிருந்து நிரப்பும் இம்முறையை அறிவார். ஆகவே தொடக்கத்திலேயே ஒரு புலியை மூலைக்கு இறக்கி அந்த அணியைக் குலைக்கப் பார்ப்பார். அப்போது அம்மூலைக்கு அடுத்த இரு புள்ளிகளையும் அவற்றுக்குப் பின்னுள்ள இரு புள்ளிகளையும் ஆடுகள் பிடித்துவிட்டால், நான்கே ஆடுகளால் அப்புலி அடைபடும். பின்னுள்ள இரண்டையே முதலில் நிரப்ப வேண்டும்.