தாலாட்டு நேரத்தை மெதுவாக்குமா?

மாணவர்களே, மாயக் கதைகளில் இப்படி ஒரு காட்சி வரும். மந்திரக்காரி ஒரு தாலாட்டுப் பாடுவாள். காவலர்களின் கண்கள் சொக்கும். மணற்கடிகாரத்தில் மணல் மெல்ல மெல்ல விழும். நேரமே தளர்ந்துபோகும். இது கற்பனைதான். ஆனால், இதில் எவ்வளவு உண்மை என்று அறிவியல் வழியில் ஆராய முடியும். அதற்குப் பொருத்தமான ஓர் இடம் நம் கெடா தோட்டங்களிலேயே இருந்தது. அதுதான் ஆயாக் கொட்டகை.

பால்மரம் வெட்டும் தாய்மார்கள் விடியுமுன் பெரட்டுக்குப் போயாக வேண்டும். கைக்குழந்தையை ஆயாவிடம் விட்டுச் செல்வார்கள். கொட்டகையின் விட்டத்தில் கைலித் துணியால் கட்டிய ஏணைகள் தொங்கும். ஆயா அவற்றை ஆட்டிக்கொண்டே பாடுவார். அவர் அந்தக் குழந்தைகளின் தாய் அல்லர். பாட்டின் பொருளும் குழந்தைக்குப் புரியாது. அப்படியானால், அழுத பிள்ளையைத் தூங்க வைத்தது எது?

ஏணை ஒரு கடிகாரம்

முதலில் ஏணையைப் பார்ப்போம். பக்கவாட்டில் ஆடும் ஏணை ஓர் ஊசல். ஒருமுறை போய் வர ஆகும் நேரமே அலைவுக் காலம். ஆட்டம் சிறிதாக இருந்தால், இதைக் கணக்கிட எளிய வழி உண்டு: நீளத்தை மீட்டரில் எடுத்து, அதன் வர்க்கமூலத்தை 2 ஆல் பெருக்குங்கள். விட்டத்திலிருந்து குழந்தை வரை 1 மீட்டர் என்றால் 2 வினாடி. 2.25 மீட்டர் என்றால் 3 வினாடி. கயிறு நீண்டால் ஆட்டம் நிதானமாகும். குழந்தையின் எடை இதை மாற்றாது. இதே விதியைக் கொண்டுதான் 1656-இல் ஹைகன்ஸ் ஊசல் கடிகாரத்தை உருவாக்கினார்.

இன்று பல வீடுகளில் ஸ்பிரிங் ஏணை இருக்கிறது. இது மேலும் கீழுமாக ஆடும். இங்கே எடை முக்கியம். 4 கிலோ குழந்தை வளர்ந்து 8 கிலோ ஆனால், அதே ஸ்பிரிங்கில் அலைவுக் காலம் ஏறக்குறைய 1.4 மடங்காகும். பிள்ளை வளர வளர ஏணை தானாகவே மெதுவாகிறது!

இந்த அசைவைக் குழந்தையின் உட்செவி உணர்ந்து மூளைக்குச் சொல்கிறது. 2011-இல் ஜெனீவா ஆய்வாளர்கள் பெரியவர்களையே 4 வினாடிக்கு ஒருமுறை ஆடும் கட்டிலில் படுக்க வைத்தார்கள். அசையாத கட்டிலில் படுத்ததைவிட விரைவாக அவர்கள் உறங்கினார்கள். 2013-இல் ஜப்பானின் ரிக்கென் ஆய்வு நிலையம் இன்னொன்றைக் காட்டியது. தாய் குழந்தையைத் தூக்கிக்கொண்டு நடக்கத் தொடங்கியதும், சில வினாடிகளில் குழந்தையின் இதயத் துடிப்பு குறைந்தது.

புரியாத பாட்டு, அடங்கும் இதயம்

அடுத்து, பாட்டு. பெடோங்கில் ஹார்வர்ட் தோட்டம் இருப்பது உங்களில் சிலருக்குத் தெரியும். அமெரிக்காவில் அதே பெயருடைய பல்கலைக்கழகத்தின் ஆய்வாளர்கள் 144 குழந்தைகளிடம் ஒரு சோதனை நடத்தினார்கள். குழந்தைகள் அதுவரை கேட்டிராத மொழிகளின் தாலாட்டுகளையும் மற்றப் பாடல்களையும் ஒலிக்கச் செய்தார்கள். தாலாட்டின்போது இதயத் துடிப்பு கூடுதலாகக் குறைந்தது. கண்மணியும் சுருங்கியது. இரண்டும் உடல் தளர்வதன் அடையாளங்கள். 2020-இல் இம்முடிவு வெளியானது.

கனடாவின் மொன்ட்ரியல் நகரில் நடந்த ஆய்வும் இதற்குத் துணை நிற்கிறது. துருக்கி மொழிப் பாடலைக் கேட்ட குழந்தைகள் சுமார் 9 நிமிடம் அமைதியாக இருந்தார்கள். வெறும் பேச்சைக் கேட்டபோது சுமார் 4 நிமிடமே தாங்கியது.

ஆக, ஆயாவின் பாட்டுக்கு அவர் தாயாக இருக்க வேண்டிய அவசியமில்லை. மெதுவான தாளம், திரும்பத் திரும்ப வரும் மெட்டு, இழுத்துப் பாடும் ஒலி ஆகியவையே வேலை செய்தன. பதிவு செய்த பாட்டுக்கும் இந்த ஆற்றல் உண்டு. ஆனால், கைப்பேசிப் பாட்டுக்குக் காது கிடையாது. விம்மல் கூடினால் தாளத்தைத் தளர்த்தவும், இமை மூடினால் குரலைத் தாழ்த்தவும் ஏணையருகே இருக்கும் ஆளால்தான் முடியும்.

மாயம் எங்கே?

சரி, நேரம் மெதுவாகிறதா? சுவர்க் கடிகாரத்தில் இல்லை. மிக வேகமாகப் பயணித்தாலோ வலுவான ஈர்ப்புக்கு அருகில் இருந்தாலோ நேரம் உண்மையாகவே மெதுவாகும் என்றார் ஐன்ஸ்டைன். பாட்டால் அது நடக்காது. மெதுவாவது நம் உடலின் தாளம். பச்சிளங்குழந்தையின் இதயம் நிமிடத்துக்கு 100 முதல் 160 முறை துடிக்கும். ஓய்வாக இருக்கும் பெரியவருக்கு 60 முதல் 100. தாலாட்டு இந்தத் துடிப்பைத் தணிக்கிறது. மந்திரக்காரியின் மாயம் அவ்வளவுதான். ஆனால் அது அளந்து பார்க்கக்கூடிய மாயம்.

செய்து பாருங்கள்

1. 1 மீட்டர் நூலில் ஒரு சாவியைக் கட்டி ஆட்டுங்கள். 10 அலைவுக்கு எத்தனை வினாடி? நூலை 25 சென்டிமீட்டராகக் குறைத்து மீண்டும் அளந்து ஒப்பிடுங்கள்.

2. கண்ணை மூடி, மனத்துக்குள் ஒரு நிமிடம் ஆனதும் 'போதும்' என்று சொல்லுங்கள். நண்பர் கடிகாரத்தைப் பார்த்துக் குறித்துக்கொள்ளட்டும். ஓடிய உடனே ஒருமுறை, 5 நிமிடம் தாலாட்டு மெட்டு ஒன்றை முணுமுணுத்த பின் ஒருமுறை செய்யுங்கள். இரண்டு வேளையும் நாடித் துடிப்பையும் எண்ணுங்கள். உங்கள் உள்கடிகாரம் எப்போது பிந்துகிறது?

3. பாட்டியிடமோ, தோட்டத்தில் வாழ்ந்த மூத்தவர் ஒருவரிடமோ அவருக்குத் தெரிந்த தாலாட்டைப் பாடச் சொல்லிப் பதிவு செய்யுங்கள். நிமிடத்துக்கு எத்தனை தாளம் என்று எண்ணி எழுதுங்கள்.

மூன்றாவதைத் தள்ளிப் போடாதீர்கள். பல ரப்பர்த் தோட்டங்கள் செம்பனையாகவும் குடியிருப்புகளாகவும் மாறிவிட்டன. மக்கள் சுங்கைப் பட்டாணி, கூலிம் போன்ற நகரங்களுக்குக் குடியேறிவிட்டார்கள். ஆயாக்கள் பாடிய பாட்டில் பெரும்பகுதி ஏட்டில் ஏறவில்லை. ஊசல் சோதனையை எந்த ஆண்டும் செய்யலாம். பாட்டியின் குரல் அப்படிக் காத்திருக்காது.